லண்டன் போய்க் கறுப்பரான யாழ்ப்பாணத் தமிழர்

1987 ஜூனில் நடந்த பொதுத் தேர்தலில் பிரிட்டன் நாடாளுமன்றத்துக்கு நான்கு கறுப்பர்கள் தேர்வானார்கள். அன்றைக்கு அது பெரிய செய்தி. டயான் அபட்டின் பெற்றோர் ஜமைக்காவிலிருந்து வந்தவர்கள். பெர்னி கிராண்ட் பிறந்தது கயானாவில். பால் போட்டெங்கின் அப்பா கானாக்காரர். நான்காவது ஆள் கீத் வாஸ். பிறந்தது ஏடன், குடும்பம் கோவா.

கோவாக்காரர் எப்படிக் கறுப்பர் கணக்கில் வந்தார்? யாரும் தப்பாக எண்ணிவிடவில்லை. அன்றைய பிரிட்டனில் அது சகஜமான கணக்கு. லேபர் கட்சிக்குள் கறுப்பர்களுக்குத் தனிப் பிரிவு வேண்டும் என்று அந்த வருடங்களில் ஒரு கூட்டம் மல்லுக்கு நின்றது. ஆப்பிரிக்க, கரீபிய வழியினரும் அதில் இருந்தார்கள், ஆசியர்களும் இருந்தார்கள். எல்லோருக்கும் ஒரே பெயர்தான்.

இந்தப் பழக்கத்தைத் தமிழில் ‘அரசியல் கறுப்பு’ எனலாம். பூர்வீகம் எது, தோல் எவ்வளவு கறுப்பு என்றெல்லாம் பார்க்காமல், வெள்ளை இனவாதத்தின் அடி யார் முதுகில் விழுகிறதோ அவர்கள் எல்லோரும் சேர்ந்து நின்று தங்களைக் கறுப்பர் என்று சொல்லிக்கொள்வது. விளக்கம் அவ்வளவுதான். ஆனால் இது எங்கிருந்து வந்தது, ஏன் பற்றிக்கொண்டது, ஏன் விட்டுப்போனது என்று கேட்டால் கதை நீளும். அந்தக் கதையின் நடுவில் சண்டிலிப்பாய் வேர் கொண்ட ஒரு தமிழர் நிற்கிறார். அவரிடம் வருவதற்கு முன் ஒன்றிரண்டு விஷயங்கள்.

தமிழ் படித்தவருக்கு இது புரியக் கஷ்டம் இல்லை என்பது என் எண்ணம். தொல்காப்பிய உரியியலில் ‘கறுப்பும் சிவப்பும் வெகுளிப் பொருள’ என்று ஒரு நூற்பா உண்டு. கறுத்தான் என்றாலும் சிவந்தான் என்றாலும் கோபப்பட்டான் என்று பொருள். இந்தச் சொற்கள் நிறத்தைக் குறிக்கவும் வரும் என்பது அதற்கடுத்த நூற்பாவில்தான். கோபம் முன்னால், நிறம் பின்னால். இன்றும் அவமானப்பட்டவரைப் பார்த்து முகம் கறுத்துவிட்டது என்கிறோம், அதில் தோலைப் பற்றி ஒன்றும் இல்லை.

இங்கிலாந்தில் இந்தியர்கள்மேல் அந்தச் சொல் முதலில் வசையாகத்தான் விழுந்தது. 1886இல் தாதாபாய் நவ்ரோஜி லண்டனில் ஹோபர்ன் தொகுதியில் நின்று தோற்றார். இரண்டு வருடம் கழித்துப் பிரதமர் சாலிஸ்பரி பிரபு ஒரு கூட்டத்தில், பிரிட்டன் என்னதான் முன்னேறியிருந்தாலும் ஒரு ‘கறுப்பு மனிதரை’த் தேர்ந்தெடுக்கும் அளவுக்குத் தொகுதி எதுவும் தயாராகவில்லை என்ற பொருளில் பேசினார். நவ்ரோஜி பார்சிக்காரர், நல்ல வெளுப்பு. ஆனால் ஆள்கிறவர் கண்ணுக்கு ஆளப்படுகிறவர் கறுப்புதான். 1892இல் வேறொரு லண்டன் தொகுதியில், விரல்விட்டு எண்ணிவிடக்கூடிய ஓட்டு வித்தியாசத்தில் நவ்ரோஜி ஜெயித்தார் என்பது தனிக் கதை.

சரி, இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு வருவோம். 1948 ஜூனில் எம்பயர் வின்ட்ரஷ் என்ற கப்பல் டில்பரி துறைமுகத்துக்கு வந்து சேர்ந்தது. ஆயிரத்துச் சொச்சம் பயணிகளில் 800 பேருக்கு மேல் கரீபியத் தீவுகளிலிருந்து வந்தவர்கள். அதே வருடம் நிறைவேறிய குடியுரிமைச் சட்டப்படி காலனி மக்களும் பிரிட்டனின் குடிமக்கள். ஆக, யாரும் கள்ளத்தனமாக நுழையவில்லை. போரில் நொறுங்கிப்போன நாட்டுக்கு ஆள் தேவைப்பட்டது. 1956 முதல் லண்டன் போக்குவரத்து நிறுவனம் பார்படோஸுக்கே போய் ஆள் எடுத்தது. பஞ்சாபிலிருந்து வந்தவர்கள் மிட்லண்ட்ஸின் இரும்பு வார்ப்பு ஆலைகளுக்குப் போனார்கள், பாகிஸ்தானின் மிர்பூரிலிருந்து வந்தவர்கள் பிராட்ஃபர்டின் நூலாலைகளில் இராப்பணிக்குப் போனார்கள்.

இவர்கள் எல்லோருக்கும் அரசாங்கமும் பத்திரிகையும் குத்திய ஒரே முத்திரை ‘கலர்ட்’, அதாவது நிறத்தவர். வாடகைக்கு அறை கேட்டுப் போனால் கலர்ட் ஆட்களுக்கு இல்லை என்று பலகை. 1968 வரை வீட்டுக்காரர் அப்படிச் சொல்வது சட்டப்படி குற்றம்கூட இல்லை. ஜமைக்காக்காரருக்கும் ஜலந்தர்காரருக்கும் பேச்சு, சாப்பாடு, சாமி எதுவும் ஒட்டாது. கதவைச் சாத்துகிறவர் மட்டும் ஒரே ஆள்.

ஒரே ஓர் ஊரை மட்டும் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்கலாம். பிரிஸ்டல், 1963. நகரப் பஸ் கம்பெனியில் வெள்ளையர் அல்லாதாரை நடத்துநராகவோ ஓட்டுநராகவோ எடுப்பதில்லை. எழுதாத விதி. ஆனால் ஊருக்கே தெரியும். பால் ஸ்டீஃபன்சன் என்ற இளைஞர் கம்பெனிக்குப் போன் போட்டு, ஒரு பையன் இருக்கிறான், வேலைக்கு எடுப்பீர்களா என்றார். வரச் சொல்லி நேரம் குறித்தார்கள். அப்புறம் அவரே, பையன் மேற்கிந்தியன் என்று சொன்னார். நேர்காணல் ரத்து. பையன் பெயர் கை பெய்லி, வயது 18. ஏப்ரல் கடைசியில் பஸ் புறக்கணிப்பு ஆரம்பித்தது. பழைய கிரிக்கெட் ரசிகர்களுக்குத் தெரிந்த லியரி கான்ஸ்டன்டைன் அப்போது டிரினிடாடின் தூதராக லண்டனில் இருந்தார். அவரும் ஆதரவாகப் பேசினார். நாலு மாதம் இழுத்து, ஆகஸ்ட் 28 அன்று கம்பெனி இறங்கிவந்தது. வாஷிங்டனில் மார்ட்டின் லூதர் கிங் பேசிய அதே நாள்.

செப்டம்பரில் முதல் ஆளாக நடத்துநர் வேலைக்கு எடுக்கப்பட்டவர் ரக்பீர் சிங், ஒரு சீக்கியர். போராட்டத்தைக் கிளப்பியவர்கள் மேற்கிந்தியர்கள், முதல் வேலை பஞ்சாபிக்கு. இதை ஒற்றுமையின் பலன் என்றும் சொல்லலாம், பிற்பாடு வந்த மனத்தாங்கலின் விதை என்றும் சொல்லலாம். இரண்டுக்கும் இடமிருக்கிறது.

இனி நம்மவர். அம்பலவாணர் சிவானந்தன் 1923இல் கொழும்பில் பிறந்தார். அப்பா தபால் துறையில் வேலை பார்த்தவர், ஊர் யாழ்ப்பாணத்தில் சண்டிலிப்பாய். சிவானந்தன் பொருளாதாரம் படித்து, தேயிலை விளையும் மலையகத்தில் ஆசிரியராக இருந்து, பிறகு இலங்கை வங்கியில் சேர்ந்து மேலாளர் வரைக்கும் உயர்ந்தார். வெள்ளைக்காரர்கள் உட்கார்ந்த நாற்காலியில் முதன்முதலில் உட்கார்ந்த சுதேசிகளில் ஒருவர். 1958 மே மாதத்தில் தமிழர்மேல் கலவரம். அந்த வருடமே மனிதர் லண்டனுக்குக் கிளம்பிவிட்டார்.

லண்டனில் நாட்டிங் ஹில் பகுதியில் அதே வருடம் ஆகஸ்ட் கடைசியில் வெள்ளை இளைஞர்கள் கும்பல் கும்பலாகத் திரிந்து கரீபியர்களைத் தேடி அடித்தார்கள். அங்கே சிங்களவர் தமிழர் கலவரம், இங்கே வெள்ளையர் கறுப்பர் கலவரம், ஆக எனக்கு இரண்டு முறை தீயில் முழுக்கு என்று பிற்பாடு அவர் சொன்னதுண்டு. கொழும்பில் அவர் தமிழர் என்பதுதான் பிரச்சினை. லண்டனில் நீ தமிழனா சிங்களவனா என்று கேட்க யாருக்கும் நேரமில்லை. இரண்டு பேருமே கலர்ட்.

வங்கி மேலாளருக்கு லண்டனில் வங்கி வேலை கிடைக்கவில்லை. கொஞ்ச காலம் எழுத்தர். பிறகு ஒரு பொது நூலகத்தில் தேநீர் கொடுக்கும் பையன். மலையகத்தில் பாடம் நடத்தியவர் லண்டனில் தேநீர் பரிமாறினார் என்று எழுதும்போது நானே ஜோடிக்கிற மாதிரி இருக்கிறது, ஆனால் நடந்தது அதுதான். வேலை பார்த்துக்கொண்டே நூலகர் தேர்வு எழுதினார். 1964இல் இன உறவுகளை ஆராயும் ஒரு நிறுவனத்தில் தலைமை நூலகர் ஆனார்.

அந்த நிறுவனம் மேல்தட்டு ஆட்களின் இடம். பெரிய கம்பெனிகளின் பணம், நிர்வாகக் குழுவில் பெரிய மனிதர்கள். கறுப்பர்களை ஆராய்ந்து ஆள்கிறவர்களுக்கு அறிக்கை கொடுப்பது வேலை. ஊழியர்கள் ஒரு கட்டத்தில் கேட்டார்கள், ஆராய வேண்டியது கறுப்பர்களையா, இனவாதத்தையா? 1972இல் உறுப்பினர் கூட்டத்தில் வாக்கெடுப்பு வரை போனது. ஊழியர் பக்கம் ஜெயித்தது, பெரிய மனிதர்கள் வெளியேறினார்கள், கூடவே பணமும் போனது. சிவானந்தன் இயக்குநரானார். நிறுவனத்தின் ஆய்விதழுக்கு ‘இனம்’ என்று இருந்த பெயர் 1974இல் ‘இனமும் வர்க்கமும்’ என்று மாறியது. கட்டுரை, வரலாறு, பிற்பாடு நாவல், சிறுகதை என்று பல வடிவங்களில் எழுதியவர் அவர். ஆனால் அவருடைய மிகப் பெரிய படைப்பு இப்படி ஒரு நூலகத்தை இயக்கமாக மாற்றியதுதான் என்று எனக்குத் தோன்றும்.

கறுப்பு எங்கள் தோலின் நிறமல்ல, எங்கள் அரசியலின் நிறம். அவர் திரும்பத் திரும்பச் சொன்னது இது. வெறும் முழக்கம் என்று தள்ளிவிட முடியாது, ஏனென்றால் சட்டம் அப்படித்தான் நடந்துகொண்டது. 1962இல் காலனி நாட்டவர் வருகைக்கு முதல் பூட்டு. 1968இல் கென்யாவிலிருந்து ஆசியர்கள் வரத் தொடங்கியதும் மூன்றே நாளில் ஒரு சட்டம். கையில் பிரிட்டிஷ் பாஸ்போர்ட் இருந்தாலும் பெற்றோரோ பாட்டன் பாட்டியோ பிரிட்டனில் பிறந்திருந்தால்தான் தடையில்லாமல் உள்ளே வரலாம் என்றது. நைரோபியில் கடை வைத்திருந்த குஜராத்தியின் பாட்டன் எங்கே பிறந்திருப்பார்? சட்டத்தில் நிறம் என்ற சொல்லே கிடையாது. பாட்டன் என்ற ஒரு சொல் போதுமாயிருந்தது.

இந்த யோசனை பிரிட்டனில் மட்டும் பிறந்தது என்று சொல்ல முடியாது. தென்னாப்பிரிக்காவில் ஸ்டீவ் பிக்கோவும் நண்பர்களும் 1960களின் கடைசியில் தொடங்கிய மாணவர் இயக்கம், நிறவெறிச் சட்டங்களால் ஒடுக்கப்பட்ட எல்லோரும் கறுப்பர் என்றே வரையறுத்தது. டர்பன் இந்தியர்களும் அதில் சேர்ந்தார்கள். 1970களில் அந்த இயக்கத்தின் ஒன்பது பேர்மேல் நடந்த வழக்கில் சிறை போனவர்களில் ஸ்ட்ரினி மூட்லி ஒருவர். மூட்லி என்றால் வேறொன்றும் இல்லை, முதலியார்தான்.

பிரிட்டனில் இந்தப் பெயருக்கு மிக நன்றாக உயிர் கொடுத்தவர்கள் பெண்கள் என்பேன். 1978இல் ஆப்பிரிக்க, ஆசிய வழிப் பெண்களின் கூட்டமைப்பு ஒன்று உருவானது. விமான நிலையத்தில் மணப்பெண்களாக வந்த ஆசியப் பெண்களுக்குக் கன்னித்தன்மைச் சோதனை நடந்தது தெரியவந்தபோது எதிர்த்துப் போனவர்களில் கரீபியப் பெண்களும் உண்டு. 1979இல் பஞ்சாபியர் நிறைந்த சௌத்தாலில் தொடங்கிய பெண்கள் அமைப்புக்கு வைத்த பெயர் ‘சௌத்தால் கறுப்புச் சகோதரிகள்’. வெளியே இனவாதம், உள்ளே வீட்டு வன்முறை, இரண்டையும் ஒருசேரப் பேசினார்கள். குடும்ப மானத்தைச் சந்திக்கு இழுக்கிறார்கள் என்று சொந்தச் சமூகத்திலேயே திட்டு வாங்கினார்கள். நாற்பது வருடத்துக்கும் மேலாகிறது, அந்தப் பெயரை அவர்கள் மாற்றவில்லை.

மற்ற இடங்களில் பெயர் தேய்ந்துபோனது. காரணம் ஒன்றல்ல. 1981இல் லண்டனின் பிரிக்ஸ்டன் பகுதியில் கறுப்பு இளைஞர்களுக்கும் போலீசுக்கும் நடந்த கலவரத்துக்குப் பிறகு, ஒவ்வொரு இனக்குழுவுக்கும் தனித்தனியாக நிதி கொடுக்கும் பழக்கம் பெருகியது. எந்த இனம் என்று சொன்னால் காசு வரும் என்றால் ஒவ்வொருவரும் தனித்தனிப் பலகை மாட்டத்தானே செய்வார்கள்? சிவானந்தனின் கோபமெல்லாம் இதன்மேல்தான். 1989இல் சல்மான் ருஷ்டியின் நாவல் இஸ்லாத்தை இழிவுபடுத்துகிறது என்ற விவகாரம் வந்தது. தெருவில் இறங்கிய பலர் தங்களை முஸ்லிம் என்றே சொன்னார்கள், கறுப்பர் என்றல்ல. 1991 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு முதன்முறையாக இனம் கேட்டது. அதில் கறுப்பர் ஒரு கட்டம், இந்தியர் வேறு கட்டம், பாகிஸ்தானியர் வேறு கட்டம்.

கட்டத்தில் பெயர் ஏறியதும் விவாதமும் தொடங்கியது. சமூகவியலாளர் தாரிக் மோதூத், ஆசியர்களுக்குச் சொந்தமாக மொழி, மதம், பண்பாடு எல்லாம் இருக்க, அதையெல்லாம் ‘கறுப்பு’ மறைத்துவிடுகிறது என்றார். நியாயம் இல்லாமல் இல்லை.

ஆனால் எனக்குக் கனமாகப் படுவது மறுபக்கக் கேள்வி. ஆப்பிரிக்க வழியினர் கேட்டார்கள், போலீஸ் தெருவில் நிறுத்திச் சோதிப்பது பெரும்பாலும் எங்கள் பிள்ளைகளைத்தானே? கிழக்கு ஆப்பிரிக்காவில் வெள்ளையருக்குக் கீழே, எங்களுக்கு மேலே உட்கார்ந்திருந்தது நீங்கள்தானே? உங்கள் வீட்டுப் பெண் எங்கள் பையனைக் கூட்டிவந்தால் கதவைத் திறப்பீர்களா? நம் புலம்பெயர் வீடுகளில் ஆப்பிரிக்கரைச் சொல்லப் புழங்கும் ‘காப்பிலி’ என்ற சொல்லைக் காதால் கேட்டவர்கள் இதற்குப் பதில் சொல்லத் தடுமாறுவார்கள். ஊர்வலத்தில் கறுப்பர், வரன் விளம்பரத்தில் சிவந்த நிறம் என்று இருந்தால் யார்தான் நம்புவார்கள்? 2016இல் இங்கிலாந்தில் ஒரு மாணவர் சங்கம் கறுப்பர் வரலாற்று மாதத்துக்காகப் பாகிஸ்தான் வழியினரான லண்டன் மேயர் சாதிக் கான், பாடகர் ஸெய்ன் மாலிக் படங்களைப் போட்டது. வந்த எதிர்ப்பில் மன்னிப்புக் கேட்டது. முப்பது வருடத்துக்கு முன் அதே படங்களை யாரும் திரும்பிக்கூடப் பார்த்திருக்க மாட்டார்கள்.

ஜமைக்காவில் பிறந்து 1951இல் ஆக்ஸ்ஃபோர்டுக்குப் படிக்க வந்த பண்பாட்டு ஆய்வாளர் ஸ்டூவர்ட் ஹாலின் பெயரைச் சொல்லாமல் இந்த விளக்கம் முடியாது. அவர் வீட்டில் அவர்தான் நிறத்தில் மட்டு, அதை வீட்டார் உணர்த்தாமல் விட்டதில்லை. ஆனால் அன்றைய ஜமைக்காவில் தன்னைக் கறுப்பன் என்று யாரும் சொல்லிக்கொண்டதில்லை, அதைப் பிற்பாடு கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது என்று அவர் விளக்கினார். யாரும் கறுப்பராகப் பிறப்பதில்லை, ஒரு காலத்தில் ஓர் இடத்தில் ஆகிறார்கள். அப்படியானால் அந்த அடையாளம் எல்லோருக்கும் எப்போதும் ஒரே மாதிரி இருக்கும் என்ற வெகுளித்தனத்தையும் விட்டுவிட வேண்டும் என்று 1980களின் கடைசியில் எழுதினார். சிவானந்தனுக்கு அந்தப் போக்கு பிடிக்கவில்லை. பழைய வர்க்க அரசியலின் காலம் மாறிவிட்டது என்று ஹாலும் அவர் சகாக்களும் முன்வைத்த ‘புதிய காலம்’ என்ற பேச்சை 1990இல் கிழித்துத் தொங்கவிட்டார். இரண்டு பேரும் ஒரே பக்கம் நின்றவர்கள்தான், அதனாலேயே அடி பலமாக விழுந்தது.

என் கட்சி எது என்று கேட்டால், பாதிப் பாதி. உன்னோடு நிற்பவர் யார் என்ற கேள்விக்குக் ‘கறுப்பு’ நல்ல பதிலாக இருந்தது. நீ யார் என்ற கேள்விக்கும் அதையே பதிலாகத் தரச் சொன்னபோது சுமை தாங்காமல் உடைந்தது. சிவானந்தன்கூட 1997இல், 73 வயதில் முதல் நாவலை வெளியிட்டபோது எழுதியது லண்டனைப் பற்றி அல்ல, மூன்று தலைமுறை இலங்கைக் கதை. லண்டனில் கறுப்பராக நாற்பது வருடம் வாழ்ந்தவருக்குச் சொல்ல மீதமிருந்தது தமிழரும் சிங்களவரும் வாழ்ந்த தீவு.

வந்தேறிகள் ஏன் பிரிட்டனுக்கு வந்தார்கள் என்ற கேள்விக்கு ஹாலும் சிவானந்தனும் கொடுத்த பதில் மட்டும் கிட்டத்தட்ட ஒன்று. ஆங்கிலேயரின் தேநீர்க் கோப்பையின் அடியில் கிடக்கும் சர்க்கரை நான் என்றார் ஹால். கரும்பு கரீபியத்தில் அடிமைகள் வெட்டியது. தேயிலை இங்கிலாந்தில் ஒரு செடிகூட விளையவில்லை, இலங்கையிலிருந்தும் இந்தியாவிலிருந்தும் போனது என்பதையும் அவரே சொன்னார். அந்தத் தேயிலையைக் கிள்ளியவர்கள் திருச்சியிலிருந்தும் மதுரையிலிருந்தும் மலையகத்துக்குக் கொண்டுபோகப்பட்டவர்கள் என்பதை நாம் சேர்த்துக்கொள்ளலாம். சிவானந்தனின் பதில் இன்னும் சுருக்கம். நீங்கள் அங்கே இருந்தீர்கள், அதனால் நாங்கள் இங்கே இருக்கிறோம்.

2018 ஜனவரி 3 அன்று, 94 வயதில் சிவானந்தன் இறந்தார். மூன்று மாதம் கழித்து ஏப்ரலில், வின்ட்ரஷ் தலைமுறையைச் சேர்ந்தவர்கள், சிறுவர்களாகக் கரீபியத்திலிருந்து சட்டப்படி வந்தவர்கள், ‘சட்டவிரோதக் குடியேறிகள்’ என்று வேலையையும் மருத்துவத்தையும் இழந்துகொண்டிருந்த விஷயம் வெடித்தது. சிலர் நாடு கடத்தப்பட்டிருந்தார்கள். அந்த மாதக் கடைசியில் உள்துறை அமைச்சர் பதவி விலகினார். பிரிட்டனில் வாழ்ந்த ஒவ்வொரு வருடத்துக்கும் ஏதாவது ஓர் ஆவணம் கொண்டுவரச் சொல்லியிருந்தார்கள். ஓய்வு பெறும் வயதில் இருந்தவர்கள் பள்ளிச் சான்றையும் சம்பளச் சீட்டையும் வீடு முழுக்கத் தேடிக்கொண்டிருந்தார்கள். வந்து இறங்கிய தேதியைச் சொல்லும் இறங்கல் அட்டைகள் உள்துறையின் கிடங்கில்தான் பல வருடம் இருந்தன. 2010இல் கிடங்கைக் காலிசெய்தபோது அவற்றை அழித்திருந்தார்கள்.